பரங்கிமலை பீரங்கியும் அடிக்காத காற்றும்

முதலில் ஒரு டிஸ்கி. நான் குடியிருப்பது அத்திப்பட்டு. 2001ல் வந்த 'சிட்டிசன்' படத்தில் வரைபடத்திலிருந்தே காணாமல் போகுமே அத்திப்பட்டி, அது இல்லை. ஊர் பேரைச் சொன்னதுமே "அட, அஜித் ஊரா?" என்று கேட்கிறவர்களுக்கு பதில் சொல்லிச் சொல்லி வாய் வலிக்குது. எங்க ஊர் பத்திரமா எண்ணூருக்கும் மீஞ்சூருக்கும் நடுவில், கும்மிடிப்பூண்டி ரயில் பாதையில் இருக்கு. அனல் மின் நிலையத்துப் புகைபோக்கிதான் அடையாளம்.

இன்றைய பதிவு ஒளியின் வேகம் பற்றி. நிற்கிறவன் அளந்தாலும் ஓடுகிறவன் அளந்தாலும் ஒளியின் வேகம் ஒன்றேதான் வரும் என்கிறார்களே, அந்த சமாசாரம். "ஐயய்யோ, ஃபிசிக்ஸா" என்று ஜன்னலை மூடிவிடாதீர்கள் மக்களே. இது சரித்திரப் பதிவு. ஃபார்முலா ஒன்றுகூடக் கிடையாது, சத்தியம் :-)

வழக்கமாக இந்தக் கதையை ஐன்ஸ்டீனில் ஆரம்பிப்பார்கள். நான் நுங்கம்பாக்கத்தில் ஆரம்பிக்கப் போகிறேன். இந்தக் கதையின் முதல் பாதி நம்ம மெட்ராஸில் பீரங்கி வைத்துப் பார்க்கப்பட்டது. அந்தப் பாதி புரிந்தால்தான் இரண்டாம் பாதி எவ்வளவு பெரிய அதிர்ச்சி என்று தெரியும்.

ரெண்டு ரயில், ஒரு கணக்கு

எங்க ஸ்டேஷனில் நிற்காமல் பறக்கும் எக்ஸ்பிரஸ் ஒன்று. மணிக்கு 100 கி.மீ. என்று வைத்துக்கொள்வோம். பிளாட்பாரத்தில் நிற்கிற எனக்கு அது 100. அதே திசையில் 40ல் போகும் லோக்கலில் நான் உட்கார்ந்திருந்தால், பக்கத்துப் பாதையில் அது 60ல் என்னைத் தாண்டும். எதிர்த் திசையில் போனால் 140. கூட்டல், கழித்தல். இதுக்கு யாரும் பள்ளிக்கூடம் போகத் தேவையில்லை. ரோடு கிராஸ் பண்ணுகிற ஆடுகூட இந்தக் கணக்கைப் போட்டுத்தான் பிழைத்திருக்கு.

இந்தக் கணக்கு சத்தத்துக்கும் செல்லுமா? செல்லும். அதை அளந்து எழுதி வைத்தவர்களில் ஒருவர் நம்ம ஊரில் இருந்தார்.

நுங்கம்பாக்கம் தூண்

நுங்கம்பாக்கத்தில் வானிலை ஆய்வு மையம் இருக்கே, புயல் வந்தால் மட்டும் நமக்கு ஞாபகம் வருமே, அந்த வளாகத்துக்குள் ஒரு கருங்கல் தூண் நிற்கிறது. சுமார் 10 டன் எடை. 1792ல் கிழக்கிந்தியக் கம்பெனி கட்டிய மெட்ராஸ் வானாய்வகத்தின் தூண் அது. வில்லியம் பெட்ரி என்ற கம்பெனி அதிகாரி 1786ல் எழும்பூரில் தன் சொந்தச் செலவில் ஆரம்பித்ததைக் கம்பெனி எடுத்துக்கொண்டு, மைக்கேல் டாப்பிங் என்பவரை வைத்து நுங்கம்பாக்கத்தில் கட்டியது. தூணில் தமிழிலும் எழுத்து வெட்டியிருக்கிறார்கள்.

அங்கே பல வருடம் வானியலாளராக இருந்தவர் ஜான் கோல்டிங்ஹாம். 1820-21ல் அவர் ஒரு காரியம் பண்ணினார். ஜார்ஜ் கோட்டையிலும், பரங்கிமலை ராணுவ முகாமிலும் பீரங்கி சுடுவார்கள். இருட்டில் சுட்டால் முதலில் நெருப்பு மின்னுவது தெரியும். கொஞ்ச நேரம் கழித்து 'டமார்' கேட்கும். வெடியை பார்த்ததுக்கும் கேட்டதுக்கும் நடுவில் எத்தனை வினாடி என்று நுங்கம்பாக்கத்தில் கடிகாரம் வைத்து எண்ணினார்கள். கோட்டை அங்கிருந்து சுமார் 4.2 கி.மீ. பரங்கிமலை சுமார் 9 கி.மீ. தூரத்தை நேரத்தால் வகுத்தால் ஒலியின் வேகம். கோட்டைச் சத்தம் வர ஏறக்குறைய 12 வினாடி, மலைச் சத்தம் வர ஏறக்குறைய 26 வினாடி. தீபாவளி ராக்கெட் பார்த்த எல்லோருக்கும் தெரிந்த விஷயம்தான். ஆனால் அவர் ஒரு தடவை, ரெண்டு தடவை இல்லை, மாதக்கணக்கில் எண்ணினார். கூடவே ஒவ்வொரு தடவையும் வெப்பம், ஈரப்பதம், காற்றழுத்தம், காற்று எந்தப் பக்கம் அடிக்குது எல்லாம் குறித்து வைத்தார்.

முடிவு 1823ல் லண்டன் ராயல் சொசைட்டியின் சஞ்சிகையில் வந்தது. மாதத்துக்கு மாதம் வேகம் மாறியது. சராசரி டிசம்பரில் வினாடிக்கு 1099 அடி, ஜூலையில் 1164 அடி. இந்தப் பதிவுக்கு முக்கியமான எண் இன்னொன்று. சத்தம் வரும் திசையிலேயே காற்று அடித்தால் ஒரு வேகம், எதிர்த்து அடித்தால் இன்னொரு வேகம். ரெண்டுக்கும் வித்தியாசம் வினாடிக்கு 21¼ அடி.

இந்த 21¼ அடியைக் கொஞ்சம் மனசில் வைத்துக்கொள்ளுங்கள். ஒலி காற்றில் பயணம் செய்கிறது. காற்றே நகர்ந்தால் ஒலியையும் சேர்த்துத் தள்ளிக்கொண்டு போகும். காற்று அடித்தாலும் சரி, காற்று சும்மா இருக்க நாம் அதுக்குள் ஓடினாலும் சரி, ஓடுகிறவன் அளக்கும் ஒலியின் வேகம் மாறும். ரயில் கணக்கேதான். ரெண்டு சதவீதத்துக்கும் குறைவான இந்த மாற்றத்தைக் காதும் கடிகாரமும் வைத்துக்கொண்டு நுங்கம்பாக்கத்தில் பிடித்திருக்கிறார்கள். 26 வினாடியில் அரை வினாடி வித்தியாசம். நாம இன்னிக்கு மொபைல் வைத்துக்கொண்டு செய்தாலும் லேசில் வராது.

மின்னலுக்கு எத்தனை நேரம்?

இந்த சோதனையில் ஓர் அனுமானம் ஒளிந்திருக்கு, கவனித்தீர்களா? பீரங்கி வாயில் மின்னிய அதே நொடியில் வெளிச்சம் நுங்கம்பாக்கம் வந்துவிட்டதாகத்தான் கணக்கு. உண்மையில் பரங்கிமலையிலிருந்து வர ஒளிக்கும் நேரம் ஆகும். ஒரு வினாடியை லட்சம் பங்கு போட்டால் அதில் மூன்று பங்கு. இதைக் கடிகாரத்தில் யார் எண்ணுவது? அதனால் விட்டுவிடலாம்.

ஒளிக்கு நேரம் ஆகும் என்பது கோல்டிங்ஹாமுக்குத் தெரியாத விஷயம் இல்லை. ராத்திரி அவர் பார்த்த வேலையே அதை வைத்துத்தான்.

மெட்ராஸின் தீர்க்கரேகையை அவர் கண்டுபிடித்தது வியாழனின் நிலாக்களை வைத்து. அந்த நிலாக்கள் வியாழனின் நிழலுக்குள் போய் மறையும், வெளியே வரும். வானத்தில் தொங்கும் கடிகாரம் மாதிரி. ஒரே கிரகணத்தை லண்டன் பக்கம் எத்தனை மணிக்குப் பார்த்தார்கள், இங்கே எத்தனை மணிக்குப் பார்த்தோம் என்று ஒப்பிட்டால் ரெண்டு ஊருக்கும் நேர வித்தியாசம் கிடைக்கும். நாலு நிமிஷத்துக்கு ஒரு பாகை. இப்படி வந்ததுதான் 'மெட்ராஸ் நேரம்'. கிரீனிச்சைவிட 5 மணி 21 நிமிடம் 14 வினாடி முன்னால். பிற்பாடு இந்தியா முழுக்க ரயில்வே அட்டவணை ஓடியது இந்த நேரத்தில்தான். கெத்து இல்ல?

இந்த நிலாக் கடிகாரத்தில் ஒரு கோளாறு இருந்தது. 1676ல் பாரிஸில் அதைப் பிடித்தவர் ஓலே ரோமர், டென்மார்க்காரர். நம்ம தரங்கம்பாடியில் கோட்டை கட்டினார்களே, அதே டென்மார்க். வியாழனை நெருக்கமாகச் சுற்றும் 'அயோ' என்ற நிலாவுக்கு ஒரு சுற்றுக்கு 42½ மணி நேரம். ஆனால் பூமி வியாழனை விட்டு விலகிப் போகும் மாதங்களில் கிரகணங்கள் கொஞ்சம் கொஞ்சமாகத் தாமதமாகின்றன. நெருங்கும் மாதங்களில் சீக்கிரமாகின்றன. நவம்பர் 9ஆம் தேதி கிரகணம் 10 நிமிடம் தாமதமாகும் என்று ரோமர் முன்கூட்டியே சொன்னார். அப்படியே ஆச்சு. காரணம், நாம் விலகி ஓடுகிறோம், வெளிச்சம் துரத்தி வர வேண்டியிருக்கு. பூமியின் சுற்றுப்பாதையைக் குறுக்கே கடக்க ஒளிக்கு 22 நிமிடம் ஆகும் என்பது அவர் கணக்கு. இன்றைய கணக்கு 16½ நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல்.

ஆக, 'நகரும் ஆளுக்கு வெளிச்சம்' என்ற கேள்வி அன்றைக்கே வந்துவிட்டது. நகரும் ஆளுக்கு வெளிச்சம் வந்து சேரும் நேரம் மாறுகிறது, சரி. அவன் அளக்கும் வேகமும் மாறுமா? அதுதான் அடுத்த இருநூற்றுச் சொச்ச வருட வேலை.

தரையிலேயே ஒளி வேகத்தை முதலில் அளந்தவர் பிரெஞ்சுக்காரர் ஃபிஸோ, 1849ல். பாரிஸ் அருகே ஒரு வீட்டிலிருந்து 8,633 மீட்டர் தள்ளி மோன்மார்த்ர் குன்றில் கண்ணாடி. நடுவில் 720 பல் உள்ள சக்கரம் சுழல்கிறது. பல் இடுக்கில் போன வெளிச்சம் திரும்பி வருவதற்குள் அடுத்த பல் வந்து மறைக்க வேண்டும். சக்கரத்தின் வேகம் தெரிந்தால் ஒளியின் வேகம் தெரியும். விடை உண்மையைவிட சுமார் 5 சதவீதம்தான் அதிகம்.

தூரத்தைப் பாருங்கள். 8.6 கி.மீ. நுங்கம்பாக்கம் - பரங்கிமலை தூரத்தைவிடக் கொஞ்சம் கம்மி! கோல்டிங்ஹாம் 'இதுக்கெல்லாம் நேரமே ஆகாது' என்று விட்ட அதே அளவு தூரத்தில், முப்பது வருடத்துக்குள் இன்னொருத்தர் ஒரு பல் சக்கரத்தை வைத்து ஒளியைப் பிடித்துவிட்டார்.

எண்ணூர் முகத்துவாரத்தில் ரெண்டு படகு

ஒலிக்குக் காற்று மாதிரி ஒளிக்கும் ஏதோ ஒன்று வேண்டும், இல்லாவிட்டால் அலை எதில் போகும் என்று 19ஆம் நூற்றாண்டு விஞ்ஞானிகள் நம்பினார்கள். அதுக்கு 'ஈதர்' என்று பேர் வைத்தார்கள். எங்கும் நிறைந்திருக்கும், கண்ணுக்குத் தெரியாது, கைக்குப் படாது. (சாமி மாதிரி என்று சொல்லலாம், ஆனால் சண்டைக்கு வருவீர்கள்.) பூமி சூரியனை வினாடிக்கு 30 கி.மீ. வேகத்தில் சுற்றுகிறது. அப்படியானால் பூமியில் இருக்கிற நம் மேல் ஈதர் காற்று அடித்துக்கொண்டே இருக்க வேண்டும். பைக்கில் போனால் காற்றில்லாத நாளிலும் முகத்தில் காற்று அடிக்குமே, அது மாதிரி.

அப்போ மெட்ராஸ் பீரங்கிக்கு 21¼ அடி வந்த மாதிரி, ஒளிக்கும் இந்தப் பக்கம் ஒரு வேகம், அந்தப் பக்கம் ஒரு வேகம் வரணும். வருதா? பார்த்துவிட்டால் ஈதர் உண்டு என்று நிரூபித்த மாதிரி.

கஷ்டம் என்னவென்றால், ஒளி வேகம் வினாடிக்கு 3 லட்சம் கி.மீ. அதில் 30 கி.மீ. என்பது பத்தாயிரத்தில் ஒரு பங்கு. அதுவும் ஒளியைக் கண்ணாடியில் பட்டுத் திரும்ப வைத்துத்தான் அளக்க முடியும். போகும்போது நஷ்டம் என்றால் வரும்போது லாபம், ஏறக்குறைய சரியாகிவிடும். மிஞ்சுவது பத்துக் கோடியில் ஒரு பங்கு மாதிரி ஏதோ துளி.

அந்தத் துளியைப் பிடிக்க ஆல்பர்ட் மைக்கேல்சன் என்ற அமெரிக்கர் கண்டுபிடித்த தந்திரத்தை எங்க ஊர் பாஷையில் சொல்கிறேன். எண்ணூர் முகத்துவாரத்தில் நீரோட்டம் மணிக்கு 3 கி.மீ. என்று வையுங்கள். ரெண்டு படகு. ரெண்டும் அசையாத தண்ணீரில் மணிக்கு 5 கி.மீ. போகும். முதல் படகு நீரோட்டத்தோடு 1 கி.மீ. போய்த் திரும்ப வரணும். போகும்போது வேகம் 8, வரும்போது 2. மொத்தம் 37½ நிமிடம். ரெண்டாவது படகு குறுக்கே 1 கி.மீ. போய்த் திரும்ப வரணும். ஓட்டம் இழுக்கும் என்பதால் கொஞ்சம் சாய்த்து ஓட்டணும், நேர்க் குறுக்கு வேகம் 4 ஆகிவிடும் (3-4-5 முக்கோணம், எட்டாம் கிளாஸ்). மொத்தம் 30 நிமிடம். ஒரே தூரம், ஒரே மாதிரி படகு, ஆனால் குறுக்கே போனவன் ஏழரை நிமிடம் முன்னால் வந்துவிடுவான். ரெண்டு பேரும் சேர்ந்து வந்தால்? தண்ணீர் ஓடவில்லை என்று அர்த்தம்.

மைக்கேல்சன் ஓர் ஒளிக்கதிரை ரெண்டாகப் பிரித்தார். ஒன்றை நேரே, இன்னொன்றைக் குறுக்கே அனுப்பித் திரும்பச் சேர்த்தார். ரெண்டும் சேரும் இடத்தில் கறுப்பும் வெளிச்சமுமாகப் பட்டைகள் தெரியும். ஒன்று துளி பிந்தினாலும் பட்டை நகரும். 1887 ஜூலையில் கிளீவ்லாந்தில் எட்வர்ட் மார்லியோடு சேர்ந்து செய்தது பெரிய சோதனை. ஒரு பெரிய கல் பலகை மேல் கண்ணாடிகள். கல் பாதரசத்தில் மிதக்கும், அலுங்காமல் சுற்றலாம். பல தடவை பிரதிபலிக்க வைத்து ஒளிப் பாதையை 11 மீட்டராக நீட்டினார்கள். கல்லைச் சுற்றும்போது பட்டை 0.4 பங்கு நகரணும், அது கணக்கு.

நகரவில்லை. எதிர்பார்த்ததில் இருபதில் ஒரு பங்குகூட நிச்சயமாக இல்லை, அநேகமாக நாற்பதில் ஒரு பங்குக்கும் கீழே என்று எழுதினார்கள். ரெண்டு படகும் சேர்ந்தே வந்துவிட்டன. மெட்ராஸில் ஒலிக்கு அடித்த காற்று, ஒளிக்கு அடிக்கவே இல்லை.

வந்ததை வந்தபடி

இந்த இடத்தில் ஒரு நிமிடம் நிற்கணும். மைக்கேல்சன் ஈதரை நம்பியவர். காற்று அடிக்கும் என்று எதிர்பார்த்து, வருடக்கணக்கில் உழைத்து, கருவி செய்தவர். கைக்கு வந்தது பூஜ்யம். அவர் நினைத்திருந்தால் "கருவி சரியில்லை, அடுத்த வருஷம் பார்ப்போம்" என்று மடித்து வைத்திருக்கலாம். வந்ததை வந்தபடி அச்சில் போட்டார்கள். கோல்டிங்ஹாம் 21¼ என்று எழுதினது எப்படியோ, அப்படியே இவர்கள் 'ஒன்றுமில்லை' என்று எழுதினார்கள்.

சும்மா விடுவார்களா? ஃபிட்ஸ்ஜெரால்ட், லோரன்ட்ஸ் போன்றவர்கள் "ஈதருக்குள் ஓடும் பொருள் ஓடும் திசையில் கொஞ்சம் சுருங்கிவிடுகிறது, அதனால்தான் தெரியவில்லை" என்றார்கள். கணக்கு சரியாக வந்தது. ஆனால் எதுக்கு அப்படிச் சுருங்கணும், அதுவும் காற்றை மறைக்கத் தேவையான அதே அளவுக்கு?

1905ல் பெர்ன் நகரத்து காப்புரிமை அலுவலகத்தில் வேலை பார்த்த 26 வயசுப் பையன் இந்த முடிச்சை வேறு பக்கத்திலிருந்து அவிழ்த்தார். "ஒளி வேகம் எல்லோருக்கும் ஒன்றுதான் என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்வோம். அப்புறம் வேறு எதை மாற்றணுமோ அதை மாற்றுவோம்." வேகம் என்பது தூரம், நேரம் ரெண்டும் சேர்ந்தது. வேகம் மாறாது என்றால் தூரமும் நேரமும்தான் வளைந்து கொடுக்கணும். ஈதர் தேவையில்லாமல் போனது.

எங்க ஸ்டேஷனிலேயே இதைப் பார்த்துவிடலாம். நிற்காமல் போகும் அந்த எக்ஸ்பிரஸுக்குள் ஒருத்தர் டார்ச்சைத் தரையில் வைத்து மேலே அடிக்கிறார். கூரையில் கண்ணாடி. வெளிச்சம் நேரே மேலே போய் நேரே கீழே வருகிறது. அவருக்கு அது ஒரு 'டிக்'. பிளாட்பாரத்தில் நிற்கும் எனக்கு? வெளிச்சம் மேலே போவதற்குள் ரயில் நகர்ந்துவிட்டது. எனவே அது சாய்வாகப் போய்ச் சாய்வாக வருகிறது. பாதை நீளம். பந்தாக இருந்தால் ரயிலின் வேகமும் சேர்ந்து பந்து எனக்கு வேகமாகத் தெரியும், கணக்கு சரியாகிவிடும். ஆனால் இது வெளிச்சம். எனக்கும் அதே வேகம்தான். நீளமான பாதை, அதே வேகம் என்றால் நேரம் அதிகம். அதாவது, அவருடைய ஒரு டிக் எனக்கு ஒரு டிக்கைவிட நீளம். ஓடும் கடிகாரம் மெதுவாக ஓடுகிறது.

ரயில் ஒளி வேகத்தில் ஐந்தில் மூன்று பங்கு வேகத்தில் போனால் (கும்மிடிப்பூண்டி லோக்கலில் எதிர்பார்க்காதீர்கள்) எனக்கு 10 வினாடி ஆகும்போது அவருக்கு 8 வினாடிதான். முகத்துவாரத்துப் படகில் பார்த்த அதே 3-4-5 முக்கோணம்தான் இங்கேயும்.

அப்போ ரெண்டு ரயில் கணக்கு தப்பா? தப்பில்லை, துல்லியம் போதாது. எதிரெதிரே 60, 60ல் வரும் ரயில்கள் ஒன்றுக்கொன்று 120 இல்லை. 119க்குப் பிறகு புள்ளி வைத்துப் பன்னிரண்டு ஒன்பது வரிசையாகப் போட்டு, அதுக்கப்புறம்தான் வித்தியாசம் தொடங்கும். ஆடு கவலைப்பட வேண்டியதில்லை. ஆனால் ஒவ்வொன்றும் ஒளி வேகத்தில் பாதி என்றால் கூட்டினால் முழுசு வராது, 0.8 தான் வரும். ஒளியோடு எதைக் கூட்டினாலும் ஒளிதான்.

இதில் ஒரு வேடிக்கை. ஐன்ஸ்டீன் 'எல்லோருக்கும் பொதுவான ஒரே நேரம் என்று ஒன்று இல்லை' என்று எழுதியது 1905. நாம மெட்ராஸ் நேரத்தை விட்டுவிட்டு நாடு முழுக்க ஒரே இந்திய நேரம் என்று ஆரம்பித்தது 1906 ஜனவரி 1. நல்ல வேளை, ரயில்வே போர்டு அந்தக் கட்டுரையைப் படிக்கவில்லை :-)

கொடைக்கானலும் ஊட்டியும்

"நகரும்போது ஒளியில் ஒண்ணுமே மாறாதா?" என்று கேட்டால், மாறும். வேகம் மாறாது, நிறம் மாறும். நெருங்கி வரும் ரயிலின் ஹாரன் கீச்சென்றும், தாண்டிப் போனதும் கம்மலாகவும் கேட்குமே, அது மாதிரி நெருங்கி வரும் விளக்கின் ஒளி நீலப் பக்கமும், விலகிப் போவது சிவப்புப் பக்கமும் கொஞ்சம் தள்ளும். நுங்கம்பாக்கத்து வானாய்வுப் பணி 1899ல் கொடைக்கானலுக்குப் போனது. அங்கே 1909ல் ஜான் எவர்ஷெட் சூரியப் புள்ளிகளின் ஒளியைப் பிரித்துப் பார்த்து, இந்த நிற நகர்வை வைத்தே புள்ளியிலிருந்து வாயு வெளிப்பக்கமாக வினாடிக்கு ஓரிரு கி.மீ. வேகத்தில் ஓடுகிறது என்று கண்டுபிடித்தார். இன்றைக்கும் உலகம் முழுக்க அதுக்கு 'எவர்ஷெட் விளைவு' என்றுதான் பேர். தூண் நுங்கம்பாக்கத்தில் நின்றது, வேலை மலை ஏறிவிட்டது.

நேரம் மெதுவாவது நிஜமா என்றால் ஊட்டிக்குப் போகலாம். அங்கே டாடா ஆராய்ச்சி நிறுவனத்தின் 'கிரேப்ஸ்-3' என்ற காஸ்மிக் கதிர் ஆய்வகம் இருக்கு. 560 சதுர மீட்டர் பரப்பில் மியூவான் என்ற துகள்களைப் பிடிக்கிறார்கள். மியூவானின் சராசரி ஆயுள் ஒரு வினாடியில் பத்து லட்சத்தில் 2.2 பங்கு. ஒளி வேகத்திலேயே ஓடினாலும் அதுக்குள் 660 மீட்டர்தான் போகலாம். ஆனால் அவை பிறப்பது பத்துப் பதினைந்து கி.மீ. உயரத்தில். பாதி வழியிலேயே செத்திருக்க வேண்டியவை ஊட்டி வரைக்கும், ஏன், அத்திப்பட்டு வரைக்கும் வந்து நம் மேலேயே கொட்டிக்கொண்டிருக்கின்றன. ஓடுகிறவற்றின் கடிகாரம் மெதுவாக ஓடுவதால்தான்.

எண்ணூர் பக்கத்துப் படகுகளில் இப்போ ஜிபிஎஸ் இருக்கு. அந்தச் செயற்கைக்கோள்களின் கடிகாரம், ஓடும் வேகத்தால் நாளைக்கு 7 மைக்ரோ வினாடி பிந்தும். உயரத்தில் ஈர்ப்பு குறைவு என்பதால் 45 மைக்ரோ வினாடி முந்தும். மொத்தத்தில் 38 முந்தும். இதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் 11 கி.மீ. பிசகும். விரித்த வலையைத் தேடிப் போகிறவன் நடுக்கடலில் ஒன்றுமில்லாத இடத்தில் நிற்பான். கிளீவ்லாந்தில் நகராத பட்டைக்கும் எண்ணூர் வலைக்கும் சம்பந்தம் இதுதான்.

எனக்கு இந்தக் கதையில் பிடித்தது ஐன்ஸ்டீனின் மூளைகூட இல்லை. அவருக்கு முன்னாடி அளந்தவர்களின் நோட்டுப் புத்தகம்தான். ராத்திரி உட்கார்ந்து டமாருக்கு வினாடி எண்ணி, காற்று எந்தப் பக்கம் என்றும் பக்கத்தில் எழுதினார்கள். எதிர்பார்த்தது வராதபோது வரவில்லை என்றே எழுதினார்கள். எங்க பக்கம் சாம்பல் பறக்கும் காற்றில் என்ன இருக்கு, கழிமுகத்துத் தண்ணீரில் என்ன இருக்கு என்று அளந்து, அளந்ததை அப்படியே எழுதி, எல்லோர் கண்ணிலும் படும்படி வைக்கச் சொல்லி மீனவர்கள் எத்தனை வருடமாகப் போராடுகிறார்கள் என்று பார்க்கிறவர்களுக்கு, 'வந்ததை வந்தபடி எழுதுவது' எவ்வளவு பெரிய காரியம் என்று புரியும். ஒரு எண்ணைச் சவுகரியத்துக்கு மாற்றி எழுதினால், அது ஒளியாக இருந்தாலும் சாம்பலாக இருந்தாலும், பின்னாடி வருகிறவன் தவறான இடத்தில் வலையைத் தேடுவான்.

அடுத்த தடவை தீபாவளிக்கு மொட்டை மாடியில் நிற்கும்போது, தூரத்து வாணம் ஒன்றின் வெளிச்சத்துக்கும் சத்தத்துக்கும் நடுவில் எண்ணிப் பாருங்கள். மூணு வினாடிக்கு ஒரு கி.மீ. காற்று எந்தப் பக்கம் என்றும் மறக்காமல் எழுதி வையுங்கள். உங்கள் ஊர்க் கணக்கு என்ன வந்தது என்று எனக்கும் சொல்லுங்கள், சேர்த்து ஒரு அட்டவணை போட்டுவிடலாம்.